நேரத்தை ஆண்ட நுங்கம்பாக்கம்

ராமநாதபுரத்திலிருந்து தொண்டி போகும் கிழக்குக் கடற்கரைச் சாலையில், தேவிபட்டினம் தாண்டினால் வருகிற ஊர் உப்பூர். அங்கே இருக்கும் பிள்ளையாருக்குப் பெயரே "வெயிலுகந்த விநாயகர்". வெயில் தன்மேல் விழுவதை விரும்புகிற பிள்ளையார்! சூரியனே வந்து இவரை வழிபட்டதாகத் தலபுராணம். இலங்கைக்குப் புறப்பட்ட ராமரும் முதலில் இங்கே கும்பிட்டுவிட்டுத்தான் தேவிபட்டினம் போய்க் கடலுக்குள் ஒன்பது கல் நட்டார் என்று அந்தப் பக்கத்து மக்கள் சொல்வார்கள்.

இந்த உப்பூரில் உச்சி வெயில் எத்தனை மணிக்கு? கடிகாரத்தில் 12 அடிக்கும்போது என்று சொன்னால் அது தப்பு. உப்பூர் ஏறக்குறைய 79 பாகை கிழக்குத் தீர்க்கரேகையில் இருக்கிறது. இந்தியாவின் பொது நேரமோ 82½ பாகைக்கு உரியது, அதாவது மிர்சாபூர், காக்கிநாடா பக்கமாகப் போகும் கோட்டுக்கு. ஒரு பாகைக்கு 4 நிமிடம் என்று கணக்குப் போட்டால், உப்பூரின் சராசரி உச்சிப்பொழுது 12 மணி 14 நிமிடத்துக்கு வருகிறது. பிப்ரவரி நடுவில் 12.28 வரைக்கும்கூடத் தள்ளிப் போகும். நவம்பர் தொடக்கத்தில் 12 அடிக்கும் முன்பே உச்சி வந்துவிடும். பூமியின் பாதை நீள்வட்டமாக இருப்பதாலும், அதன் அச்சு சாய்ந்திருப்பதாலும் வரும் வித்தியாசம் அது.

ஆக, பிள்ளையாருக்கு ஒரு நேரம், பஸ் ஸ்டாண்டு கடிகாரத்துக்கு வேறொரு நேரம். இந்த இரண்டாவது நேரத்தை உண்டாக்கியது யார்? காலத்தை வசியம் செய்யும் மந்திரவாதிகளும், ஒளியைக் கொண்டு நாட்டை ஆளும் அரசர்களும் மாயக்கதைகளில் நிறைய உண்டு. அதற்கெல்லாம் நிஜத்தில் கிட்டத்தட்ட ஒப்பான ஒன்று தமிழ்நாட்டிலேயே இருந்தது. சென்னையில் மழை பெய்தால் "நுங்கம்பாக்கத்தில் இத்தனை மில்லிமீட்டர்" என்று செய்தியில் சொல்கிறார்களே, அந்த வளாகம்தான்.

கதையை அதற்கும் முன்னாலிருந்து தொடங்க வேண்டும். முன்பு ஊருக்கு ஊர் நேரம் தனி. சூரியன் உதித்தால் நாள் தொடங்கும். நாளுக்கு 60 நாழிகை, நாழிகைக்கு 24 நிமிடம். முல்லைப்பாட்டிலேயே நீர்க்கடிகாரம் பார்த்து அரசனுக்குப் பொழுது சொல்கிறவர்கள் வருகிறார்கள். நல்ல நாள், கிரகணம், அமாவாசை எல்லாம் பஞ்சாங்கக்காரர் கணக்கு. அந்தக் கணக்குக்கும் ஒரு மையக் கோடு இருந்தது. சூரிய சித்தாந்தம் சொல்லும் அந்தக் கோடு உஜ்ஜயினி வழியாகத் தெற்கே இறங்கி "லங்கை" என்ற இடத்தில் பூமத்திய ரேகையைத் தொடும். ராமேஸ்வரத்துக்காரர்கள் இதைக் கேட்டால் எதிரே இருக்கும் தலைமன்னார்தான் என்று நினைத்துக்கொள்வார்கள். இல்லை! கணிதத்தில் வரும் லங்கை உஜ்ஜயினிக்கு நேர் தெற்கே, நடுக்கடலில் கற்பித்துக்கொண்ட ஒரு புள்ளி. நிஜ இலங்கை அதற்கு வெகு கிழக்கே, பூமத்திய ரேகைக்கு வடக்கே இருக்கிறது.

இப்போது சென்னைக்கு வருவோம். வில்லியம் பெட்ரி என்ற கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி 1786-ல் எழும்பூரில் தன் சொந்தச் செலவில் ஒரு சின்ன வானாய்வகம் வைத்தார். அந்தக் கருவிகளைக் கம்பெனி பிறகு தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டு, 1792-ல் நுங்கம்பாக்கத்தில் கட்டிடம் எழுப்பியது. வடிவமைத்தவர் மைக்கேல் டாப்பிங். சோழமண்டலக் கடற்கரையை அளந்தவர் இவர். வியாபாரக் கம்பெனிக்கு நட்சத்திரத்தின் மேல் என்ன திடீர்க் காதல்? கப்பல்தான் காரணம். கரை எங்கே, பாறை எங்கே என்று தெரியாமல் சரக்கோடு கப்பல் மூழ்கினால் நஷ்டம் கம்பெனிக்கு. கடலில் தீர்க்கரேகை தெரிய வேண்டுமானால் துல்லியமான நேரம் வேண்டும், துல்லியமான நேரம் வேண்டுமானால் நட்சத்திரம் உச்சியைக் கடக்கும் நொடியைப் பார்க்க வேண்டும்.

அப்படிப் பார்க்கும் தொலைநோக்கி ஆடக்கூடாது என்பதற்காக 15 அடி உயரமும் 10 டன் எடையும் கொண்ட ஒரு கருங்கல் தூணை நட்டார்கள். லத்தீன், தமிழ், தெலுங்கு, இந்துஸ்தானி மொழிகளில் அதில் எழுத்து வெட்டப்பட்டது. ஆசியாவில் கணித சாஸ்திரங்கள் பிரிட்டிஷாரின் தயவால் முதன்முதலாக நடப்பட்ட காலத்தை, ஆயிரம் வருஷம் கழித்து வருகிறவர்களும் தெரிந்துகொள்ளட்டும் என்பது அதன் சாரம். ஆரியபட்டர் பிறந்த நாட்டில்! படித்தால் கோபம் வருவதா சிரிப்பு வருவதா என்று தெரியாது.

இரண்டே வருஷத்தில், 1794-ல், இதோடு சேர்த்து ஒரு பள்ளிக்கூடமும் வந்தது. நில அளவை சொல்லித்தரும் பள்ளி, முதலில் 8 மாணவர்கள். சென்னை ஆண் அனாதை விடுதியிலிருந்து, வெள்ளைக்காரத் தகப்பன்மார்களுக்கு இங்கே பிறந்த பிள்ளைகளைத் தேர்ந்தெடுத்து, நட்சத்திரம் பார்க்கவும் சங்கிலி பிடித்து நிலம் அளக்கவும் பழக்கினார்கள். இங்கிலாந்திலிருந்து ஆள் வரவழைத்தால் சம்பளம் அதிகம், இவர்களுக்குக் குறைவு என்பதுதான் காரணம். அந்தப் பள்ளி வளர்ந்து 1859-ல் பொறியியல் கல்லூரி ஆனது. கட்-ஆஃப் மார்க்குக்காக இன்றும் பிள்ளைகள் உயிரை விடுகிறார்களே, அதே கிண்டி இன்ஜினியரிங் கல்லூரிதான்!

டாப்பிங் 1796-ல் இறந்துபோக, பொறுப்புக்கு வந்தவர் ஜான் கோல்டிங்காம். (ராஜாஜி ஹால் இருக்கிறதல்லவா, அதைக் கட்டியவரும் இவரே. அந்தக் காலத்தில் ஒரு ஆள் எத்தனை வேலைதான் பார்த்தாரோ!) 1802-ல் இவர் சென்னையின் நேரம் கிரீன்விச்சை விட 5 மணி 21 நிமிடம் 14 நொடி முன்னால் என்று நிர்ணயித்தார். "மெட்ராஸ் டைம்" பிறந்தது இங்கேதான். இன்றைய அளவீட்டின்படி அந்த இடத்துக்குச் சரியான எண் 5 மணி 20 நிமிடம் 59 நொடி. 15 நொடிதானே என்று தோன்றும். தரையில் அது ஆறரை கிலோமீட்டர். அதாவது கோல்டிங்காம் கணக்குப்படி அவருடைய வானாய்வகம் மெரினாவைத் தாண்டி வங்காள விரிகுடாவில் மிதக்கிறது! பின்னால் வந்தவர்கள் இந்த எண்ணைத் திருத்திக்கொண்டே இருந்தார்கள். ஆனால் 1802-லேயே பரங்கிமலைப் பக்கம் அடிக்கோடு போட்டு இந்தியாவை அளக்கக் கிளம்பிவிட்டார் லாம்டன். அந்தப் பெரிய அளவை நம்பியிருந்ததும் சென்னைத் தீர்க்கரேகையைத்தான். அதனால் பழைய இந்திய வரைபடங்கள் நெடுங்காலம் ஒரு சின்னப் பிசகைச் சுமந்துகொண்டே இருந்தன.

கோல்டிங்காம் செய்த இன்னொரு வேலை அழகானது. கோட்டையிலும் பரங்கிமலையிலும் தினம் பீரங்கி வெடிப்பார்கள். நுங்கம்பாக்கத்து மாடியில் நின்று, வெளிச்சம் தெரிந்த கணத்துக்கும் சத்தம் கேட்ட கணத்துக்கும் நடுவே எத்தனை நொடி என்று எண்ணினார். மலை சுமார் 9 கிலோமீட்டர் தூரம், அதனால் இருபத்தைந்து நொடிக்கும் மேல் இடைவெளி கிடைக்கும். மாதக்கணக்கில் எண்ணி, சூடான காலத்தில் ஒலி வேகமாகவும் குளிர்ந்த காலத்தில் மெதுவாகவும் வருகிறது என்று 1820-களின் தொடக்கத்தில் காட்டினார்.

பிற்பாடு பீரங்கி நேரத்துக்கே அடிமையானது. இரவு 8 மணிக்குக் கோட்டையில் குண்டு வெடித்தால் ஊர் கடிகாரத்தைத் திருப்பி வைத்துக்கொள்ளும். துறைமுகத்துக் கப்பல்களும் அதைப் பார்த்துத் தங்கள் கடிகாரங்களைச் சரிசெய்யும்.

அப்புறம் ரயிலும் தந்தியும் வந்தன. பம்பாய் நேரம் 4 மணி 51 நிமிடம், கல்கத்தா 5 மணி 53 நிமிடம், சென்னையோ 5.21. இரண்டுக்கும் ஏறக்குறைய நட்டநடுவே! 1870 வாக்கில் ரயில்வேக்கள் மெட்ராஸ் நேரத்தை எடுத்துக்கொண்டன. தந்தி வழியாக நுங்கம்பாக்கத்து நொடி நாடு முழுக்கப் போனது. லாகூரிலும் நாகபுரியிலும் ரயில் கிளம்பியது சென்னைச் சூரியனை வைத்துத்தான்.

பம்பாய்க்காரர்கள் சும்மா விடவில்லை. 1881-ல் அங்கே கவர்னராக இருந்த ஜேம்ஸ் ஃபெர்கூசன் நகரத்துக்கே மெட்ராஸ் நேரம் என்று உத்தரவு போட்டார். அரை மணி முன்னால் எழுந்து அரை மணி முன்னால் வேலைக்குப் போக வேண்டுமா என்று ஊரே எதிர்த்தது. 1883-ல் உத்தரவு வாபஸ் ஆனது. நேரம் என்பது எண் மட்டும் இல்லை, யார் சொல்லி யார் எழுவது என்ற விஷயம் என்பதை அவர்கள் அப்போதே புரிந்துகொண்டார்கள்.

சரி, இந்த நொடிகளை ராத்திரி ராத்திரியாக விழித்துப் பார்த்தவர்கள் யார்? புத்தகங்களில் முதலில் வரும் பெயர் நார்மன் போக்சன். 1861 முதல் 1891 வரை, முப்பது வருஷம் இயக்குநர். வந்த வருஷமே ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்து "ஏசியா" என்று பெயர் வைத்தார். ஆசியாவிலிருந்து கண்டுபிடிக்கப்பட்ட முதல் சிறுகோள் அதுதான். நட்சத்திரங்களின் பிரகாசத்தை அளக்க உலகம் இன்றும் பயன்படுத்தும் அளவுகோலும் அவர் வகுத்ததே.

அவருக்குக் கீழே முதல் உதவியாளராக இருந்தவர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி. பஞ்சாங்கம் கணிக்கும் குடும்பத்தில் பிறந்து, இளைஞராக இருக்கும்போதே வானாய்வகத்தில் சேர்ந்தவர். 1867-ல் தெற்கு வானத்தில் ஒரு நட்சத்திரத்தின் ஒளி ஏறி இறங்குவதைக் கண்டுபிடித்தார். ஆர் ரெட்டிகுலி என்று இப்போது அதற்குப் பெயர். நவீன வானியலில் ஒரு இந்தியர் பெயரில் பதிவான முதல் கண்டுபிடிப்பாக இதைச் சொல்கிறார்கள். 1868 ஆகஸ்டு முழுச் சூரிய கிரகணத்தைப் பார்க்க வனபர்த்திக்குப் போன குழுவில் இருந்தார். 1872-ல் லண்டன் ராயல் வானியல் கழகத்தின் ஃபெல்லோ ஆனார்.

ஆனால் அவருக்குத் தூக்கம் வரவிடாமல் செய்தது வேறு விஷயம். வீட்டில் இருந்த பஞ்சாங்கமும் ஆபீஸில் இருந்த தொலைநோக்கியும் ஒத்துப்போகவில்லை!

தமிழ்நாட்டுப் பஞ்சாங்கங்கள் "வாக்கிய" முறையில் நடந்துவந்தன. சந்திரன் இருக்கும் இடத்தைச் சொல்ல 248 வாக்கியங்கள், எழுத்துகளே எண்கள், எல்லாம் மனப்பாடம். இதன் வலிமையை முன்பே ஒரு வெள்ளைக்காரர் நேரில் பார்த்திருக்கிறார். நுங்கம்பாக்கத்தைச் சில வருஷம் கவனித்துக்கொண்ட ஜான் வாரன், 1825-ல் "கால சங்கலித" என்ற நூலை வெளியிட்டவர், புதுச்சேரியில் ஒரு பஞ்சாங்கக் கணிதரைச் சந்திர கிரகணம் கணிக்கச் சொன்னார். அவர் தாளும் பேனாவும் இல்லாமல், தரையில் சோழியைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த அட்டவணைகளைச் சொல்லிக்கொண்டே கணித்து முடித்தார். கிரகணத் தொடக்கம் 4 நிமிடம்தான் தவறியது. ஆனால் முடிவு ஏறக்குறைய 50 நிமிடம் தப்பிவிட்டது. ஆசியாவுக்குக் கணிதமே தாங்கள்தான் கொண்டுவந்தோம் என்று தூணில் வெட்டியவர்கள் இதைப் பார்த்திருந்தால் கொஞ்சம் யோசித்திருப்பார்கள். அதே சமயம், அந்த 50 நிமிடத்தையும் மறைக்கக்கூடாது. பல நூற்றாண்டுகளாக வானத்தோடு சரிபார்க்காமலே ஓடிய கணக்கில் பிழை சேர்ந்துகொண்டே போயிருந்தது.

ரகுநாதாச்சாரி பழசைத் தூக்கி எறியச் சொல்லவில்லை. வானத்தில் கண்ணால் காண்பதோடு ஒத்துப்போகும்படி எண்களைத் திருத்தச் சொன்னார். அதுவே திருக்கணிதம். அப்படி ஒரு பஞ்சாங்கத்தையும் வெளியிட்டார். 1874 டிசம்பர் 9-ல் வெள்ளி சூரியனைக் கடந்தபோது, பழைய முறைப் பண்டிதர் ஒருவர் கேள்வி கேட்க விளக்கம் சொல்வதுபோல ஒரு சின்னப் புத்தகம் எழுதி, இந்திய மொழிகளில் வெளியிட்டார். இங்கிலீஷில் மட்டும் எழுதியிருந்தால் அவருக்குப் புகழ் இன்னும் கொஞ்சம் கூடியிருக்கும். ஆனால் பஞ்சாங்கம் பார்க்கிற அம்மாவுக்கும் ஜோசியருக்கும் அல்லவா சேர வேண்டும்! 1880-ல் காலமானார். சண்டை மட்டும் காலமாகவில்லை. திருக்கணிதப்படி 2023 ஜனவரி 17-ல் சனிப்பெயர்ச்சி. வாக்கியம் பார்க்கும் திருநள்ளாற்றிலோ அதே வருஷம் டிசம்பர் 20-ல். ஒரே சனி பதினொரு மாத இடைவெளியில் இரண்டு தடவை பெயர்ந்தார்!

அதே ஆபீஸில் இன்னொருவரும் இருந்தார். போக்சனின் மகள் ஐசிஸ். 1873-ல் கணக்கிடுபவர் வேலை, மாதம் 150 ரூபாய். 1881 முதல் சென்னை அரசின் வானிலைப் பொறுப்பும் பார்த்தார். 1886-ல் அப்பா அவர் பெயரை ராயல் வானியல் கழகத்துக்கு முன்மொழிந்தபோது, பெண்களைச் சேர்க்க விதியில் இடமில்லை என்று தடை வந்தது. சேர்த்துக்கொண்டது 1920-ல். ரகுநாதாச்சாரிக்கு 1872-ல் திறந்த கதவு ஐசிஸுக்குத் திறக்க அதற்குப் பிறகும் 48 வருஷம்.

நேரம் போதும், இனி வெளிச்சம். 1876 முதல் 1878 வரை தென்னாட்டைத் தாது வருஷப் பஞ்சம் வாட்டியது. 50 லட்சத்துக்கும் மேலானவர்கள் செத்துப்போனார்கள் என்பது பொதுவான மதிப்பீடு. அந்த நேரத்தில், 1877-ல், வில்லியம் ஹண்டர் என்ற அதிகாரி சென்னையின் மழைக்கணக்கை எடுத்து வைத்துக்கொண்டு ஒரு கருத்து சொன்னார். சூரியனில் கரும்புள்ளிகள் 11 வருஷத்துக்கு ஒருமுறை கூடிக் குறைகின்றன, புள்ளி குறைந்தால் மழையும் குறையும், பஞ்சம் வரும் என்றார். நுங்கம்பாக்கத்தில் 1813 முதலே மழை அளந்து எழுதி வைத்திருந்ததால்தான் இப்படி ஒரு கணக்கே போட முடிந்தது.

சூரியனைப் பார்த்து நாட்டை ஆள்வது என்றால் இதுதானே! கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் பஞ்சத்தின் நடுவிலும் தானியம் கப்பலேறிக்கொண்டிருந்தது. குற்றவாளி ஒன்பது கோடி மைலுக்கு அப்பால் இருந்தால் ஆட்சி செய்கிறவர்களுக்குச் சௌகரியம்தான், சூரியனைக் கூண்டில் ஏற்றி விசாரிக்க முடியாதே.

எப்படியோ, அந்த ஆர்வம் அடங்கவில்லை. 1882-லேயே போக்சன் தென்னாட்டு மலை ஒன்றில் பெரிய தொலைநோக்கி வேண்டும் என்று கேட்டிருந்தார். மறுபடி 1890-களில் வறட்சி வந்தபோது, பருவமழையைப் புரிந்துகொள்ளச் சூரியனைப் படிக்க வேண்டும் என்ற பேச்சு வலுத்தது. கெல்வின் பிரபு தலைமையில் கூடிய குழு கொடைக்கானலைத் தேர்ந்தெடுத்தது. 1899-ல் வானியல் வேலை மலையேறியது. 1909-ல் ஜான் எவர்ஷெட் அங்கேதான், கரும்புள்ளியிலிருந்து வாயு வெளிப்பக்கமாகப் பாய்வதை நிறமாலையில் கண்டுபிடித்தார். அவர் பெயரையே அந்த விளைவுக்கு வைத்தார்கள். நூறு வருஷத்துக்கும் மேலான சூரியப் படங்கள் கொடைக்கானலில் இருக்கின்றன. புள்ளியைப் பார்த்துப் பஞ்சம் சொல்லும் அந்த எளிய கணக்குத்தான் கடைசிவரை தேறவில்லை.

மெட்ராஸ் நேரத்தின் ஆட்சியும் முடிந்தது. 1906 ஜனவரி 1 முதல் 5.30 இந்தியாவின் பொது நேரம். ஒரு ஊரின் சூரியனும் அதற்குச் சொந்தமில்லை, கிரீன்விச்சோடு அரை மணிக் கணக்கில் ஒத்துப்போக வேண்டும் என்பதற்காகப் போட்ட கோடு அது. சென்னை 9 நிமிடம் முன்னால் நகர்ந்து சத்தமில்லாமல் ஏற்றுக்கொண்டது. கல்கத்தா 1948 வரைக்கும், பம்பாய் 1955 வரைக்கும் தங்கள் நேரத்தை விடவில்லை.

அதே 1906 ஜனவரியில் இலங்கையும் 5.30-க்கு வந்தது. அதனால் 1914-ல் பாம்பன் பாலம் திறந்து, தனுஷ்கோடியில் கப்பலேறித் தலைமன்னாரில் இறங்கியவர்கள் கடிகாரத்தைத் தொட வேண்டியிருக்கவில்லை. பின்னால்தான் சிக்கல் வந்தது. 1996 மே மாதம் மின்சாரப் பற்றாக்குறையைச் சமாளிக்க, பகல் வெளிச்சத்தை மிச்சம் பிடிக்கலாம் என்று கொழும்பு கடிகாரத்தை ஒரு மணி முன்னால் தள்ளியது. அக்டோபரில் அரை மணி குறைத்து 6.00-ல் நிறுத்தியது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகள் இதை ஏற்கவில்லை, பழைய 5.30-லேயே இருந்தன. ஆக, ஒரே தீவில் சோதனைச் சாவடியைத் தாண்டினால் அரை மணி பின்னால் போகும்! வன்னியில் இருந்தவர்களின் கடிகாரம் கொழும்போடு ஒத்துப்போகவில்லை, கடலுக்கு இந்தப்புறம் ராமேஸ்வரத்தோடு ஒத்துப்போனது. பத்து வருஷம் அப்படியே நடந்தது. 2006 ஏப்ரல் 15-ல், புத்தாண்டு முடிந்த கையோடு, இலங்கை அரசு மறுபடி 5.30-க்குத் திரும்பியது. அங்கேயே குடியிருந்த அறிவியல் கதை எழுத்தாளர் ஆர்தர் கிளார்க் கூடாது என்று எதிர்த்தும் கேட்கவில்லை.

நுங்கம்பாக்கத்துத் தூண் கல்லூரிச் சாலையில், வானிலை மையத்தின் வளாகத்தில் இன்னும் நிற்கிறது. தொலைநோக்கி இல்லை, கட்டிடமும் இல்லை. அதில் சொன்ன ஆயிரம் வருஷத்தில் இன்னும் கால்பங்குகூட முடியவில்லை. தமிழ் எழுத்தை மட்டும் கிட்டப்போய் நின்றால் இப்போதும் படிக்கலாம்.